கறுப்பு, நீலம், மஞ்சளில் ஒரு கடல் நத்தை: தொட்டி மீன்கள் மூச்சு வாங்குகின்றன, அவசரம்

பாயான்பாரு_தொட்டி:
வணக்கம். 120 லிட்டர் கடல்நீர்த் தொட்டி. பின்னால் தொங்கும் ஃபில்டர், அழுக்கை நுரையாக்கி வெளியேற்றும் சின்ன ஸ்கிம்மர். இரண்டு கோமாளி மீன், ஒரு கிளீனர் இறால், கொஞ்சம் மென்பவளம். நேற்று பினாங்கு ஜார்ஜ் டவுனில் ஒரு கடையில் பாசி தின்னும் என்று சொல்லி ஒரு கடல் அட்டையை 35 வெள்ளிக்கு (ரிங்கிட்) கொடுத்தார்கள். நீளம் 6 செ.மீ. இருக்கும். கறுப்பு உடம்பு, அதில் நீளவாக்கில் சாம்பல் நீல வரப்புகள், வரப்பு நெடுக மஞ்சள் குமிழ்கள். காலையில் ஃபில்டர் வாயருகே ஒட்டியிருந்ததால் வலையால் தள்ளிவிட்டேன். ஒரு மணி நேரத்துக்குள் மீன்கள் மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடுகின்றன. இறால் சாய்ந்து கிடக்கிறது. அம்மோனியா 0, உப்பு அடர்த்தி 1.025, வெப்பம் 29 பாகை. என்ன செய்ய?

உப்புமானி:
சகோதரி, அம்மோனியா 0 என்றால் அந்தப் பிராணியின் சளிதான் காரணம். சீண்டினால் விஷச் சளி விடும். இனி வலையும் வேண்டாம், விரலும் வேண்டாம். ஒரு பிளாஸ்டிக் குவளையை நீருக்குள் அதன் முன்னால் சாய்த்துப் பிடித்து, பழைய பிளாஸ்டிக் கார்டு ஒன்றின் ஓரத்தால் அடிப்பக்கம் மெல்ல நெம்புங்கள். குவளைக்குள் விழுந்ததும் நீரோடு சேர்த்து வெளியே எடுத்து, தனி வாளியில் விடுங்கள். அந்த வாளி நீர் ஒரு சொட்டுகூடத் தொட்டிக்குத் திரும்பக்கூடாது.

அடுத்து மீனும் இறாலும். கலந்து வைத்த புது உப்புநீர் இருந்தால் இன்னொரு வாளியில் ஊற்றி, காற்றுக் கல் (குமிழி விடும் கல்) போட்டு, உடனே அவற்றை அதற்கு மாற்றுங்கள். உப்பும் சூடும் தொட்டியோடு ஒத்திருக்க வேண்டும். நீர் கைவசம் இல்லையென்றால் தொட்டியிலேயே காற்றுக் கல்லை முழு வேகத்தில் விடுங்கள். 29 பாகையில் ஆக்சிஜன் குறைவாகத்தான் கரையும், செவுள் பாதித்த மீனுக்கு அது போதாது.

40 லிட்டர் மாற்றுங்கள். அதற்கு ஆர்.ஓ. (சவ்வு வழியே சுத்திகரித்த) நீரில் சுமார் ஒன்றரைக் கிலோ கடலுப்புக் கலவை பிடிக்கும். முழுக்கக் கரைந்து தெளிந்த பிறகே ஊற்றுங்கள். அவசரத்தில் கலங்கலாக ஊற்றினால் மிச்சமிருக்கும் செவுளும் புண்ணாகும்.

நஞ்சை உறிஞ்ச ஆக்டிவேட்டட் கார்பன் (கரி) 150 முதல் 200 கிராம். கறுப்புத் தூள் போகும்வரை ஆர்.ஓ. நீரில் அலசி, துணிப்பையில் கட்டி, ஃபில்டரில் நீர் வேகமாக ஓடும் இடத்தில் வையுங்கள். தொட்டியில் சும்மா தொங்கவிட்டால் பாதிப் பயன்கூட இல்லை. மூன்றாம் நாள் மாற்றிப் புதிது போடுங்கள். ஸ்கிம்மர் நுரை பொங்கி வழியும், அதை அடக்காமல் கிண்ணத்தைக் கொட்டிக்கொண்டே இருங்கள், சளி அந்த வழியாகவும் வெளியேறும். ஒன்று மறக்க வேண்டாம்: கார்பன் நீரைத் திடீரென்று தெளிய வைக்கும், பவளத்தின் மேல் வெளிச்சம் கூடும். நான்கைந்து நாளைக்கு விளக்கு நேரத்தைப் பாதியாக்குங்கள்.

தெலுக்பஹாங்_அலை:
நீங்கள் சொல்லும் அடையாளம் ஃபிலிடியா வேரிகோசா. உறுதி செய்ய, அது வாளியின் பக்கச் சுவரில் ஏறும்போது அடிப்பாதத்தைப் பாருங்கள். பாதத்தின் நடுவே நீளவாக்கில் ஒரு கறுப்புக் கோடு ஓடினால் அதுவேதான். அதைப் போலவே இருக்கும் ஃபிலிடியா செலஸ்டிஸுக்கு அந்தக் கோடு கிடையாது. முதுகில் பூப்போல விரியும் செவுளைத் தேட வேண்டாம். இந்தக் குடும்பத்துக்குச் செவுள் மடிப்புகள் முதுகை மூடும் போர்வைத் தோலின் ஓரத்துக்கு அடியில் ஒளிந்திருக்கும். தலைப்பக்கம் இரண்டு மஞ்சள் உணர்கொம்புகள் தெரியும்.

பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. கடல் அட்டை என்பது மலாயில் கமாட், நட்சத்திர மீனுக்கு உறவான முள்தோலி இனம். இது ஓடில்லாத நத்தை. குழப்பம் பெயரோடு நிற்கவில்லை: ஒருவகைக் கடல் அட்டையின் குஞ்சு இந்த நத்தையைப் போலவே வேடமிட்டிருக்கும், விஷத்துக்குப் பயந்து மீன் தொடாது என்பதால். அதற்கு அடியில் வரிசையாகக் குழாய்க் கால்கள் இருக்கும், உணர்கொம்பு இருக்காது.

விஷம் புதுச் செய்தியல்ல. இதன் சளி மீனையும் இறால் நண்டு இனங்களையும் கொல்வதை ஜொஹான்னஸ் என்ற ஆய்வாளர் 1963-லேயே எழுதிவிட்டார். 1975-ல் ஹவாய் ஆய்வாளர்கள் அந்த நஞ்சைப் பிரித்து, அது மேய்ந்த கடற்பஞ்சிலும் அதே பொருள் இருப்பதைக் காட்டினார்கள். தானாகச் செய்வதில்லை, பஞ்சிலிருந்து எடுத்துச் சேர்த்துக்கொள்கிறது.

பாசி தின்னும் என்று சொல்லி விற்றது பெரிய தவறு. பாசியைச் சுரண்ட அதற்குப் பல்நாக்கே இல்லை. கடற்பஞ்சின் மேல் செரிமானச் சாறு விட்டு, கரைந்ததை உறிஞ்சும். எந்தப் பஞ்சானாலும் சரி என்று இருக்காது. நம் தொட்டியில் ஓரத்தில் முளைக்கும் வெள்ளைப் பஞ்சு அதற்கு உணவாகாது. பட்டினியில் உடம்பு வாரக்கணக்கில் சுருங்கிக்கொண்டே வரும், அதை நலமாக ஊர்கிறது என்று நினைத்துக்கொண்டிருப்போம். கடைசியில் பாறை இடுக்கில் செத்து அழுகும்போது இன்றைக்கு வந்த வினை மறுபடி வரும்.

பாயான்பாரு_தொட்டி:
எடுத்துவிட்டேன், பாதத்தில் கறுப்புக் கோடு இருக்கிறது. ஒரு மீன் வாளியில் நேராக நீந்துகிறது, மற்றது இன்னும் அடியில். இறால் போய்விட்டது. நத்தையைப் பத்து ஃபெரிங்கி கடலில் விட்டுவிடலாமா?

தெலுக்பஹாங்_அலை:
வேண்டாம் சகோதரி. எந்தக் கடலிலிருந்து வந்தது என்று தெரியாது, கடைத் தொட்டி நோயையும் சேர்த்து விடுவோம். பத்து ஃபெரிங்கி சேறு கலங்கிய நீர், அதற்கு வேண்டிய பஞ்சு அங்கே கிடைக்காது. இரட்டைப் பையில் பாதி நீர், பாதி காற்று வைத்துக் கட்டி, கடைக்கே திருப்பிக் கொடுங்கள், தனியாக வைக்கச் சொல்லுங்கள். இதன் நிறத்தை ரசிக்க முகமூடி போட்டு நீந்துவதே வழி. அப்போதும் பாயார், தியோமான் போன்ற கடல் பூங்காக்களில் எதையும் எடுக்கக்கூடாது, மலேசியாவின் 1985 மீன்வளச் சட்டம் தடுக்கிறது.

உப்புமானி:
செத்த இறாலை உடனே எடுத்துக் குப்பையில் போடுங்கள், அது அழுகினால் அம்மோனியா ஏறும். அடியில் கிடக்கும் மீனுக்கு இன்று தீனி வேண்டாம், வாளியை இருட்டாக மூடி வையுங்கள். தொட்டிக்குத் திருப்ப அவசரப்படாதீர்கள். இரண்டாம் கார்பன் மாற்றமும் இன்னொரு 25 லிட்டர் நீர் மாற்றமும் முடிந்த பிறகு, முதலில் தெளிவாக நீந்தும் மீனை மட்டும் விட்டு ஒரு நாள் கவனியுங்கள். வலையை வெந்நீரில் அலசிக் காயவைத்துவிட்டுப் பயன்படுத்துங்கள், சளி அதில்தான் முதலில் ஒட்டியது.