இன்னும் 485 தவணை: வீட்டுக் கடன் அனுபவங்கள்

திருச்சி டீச்சர்

2023 ஏப்ரல் கடைசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. வரிக் கணக்குக்காக வீட்டுக் கடன் ஸ்டேட்மெண்டை பிரிண்ட் எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். 2021 ஏப்ரலில் 30 லட்சம் வாங்கினோம். 20 வருஷம், 6.7 சதவீத வட்டி, மாதம் 22,722 ரூபாய். இரண்டு வருஷத்தில் ஒரு தவணைகூடத் தவறியதில்லை. 5-ஆம் தேதி கணக்கிலிருந்து தானாகப் போய்விடும். தொகையும் மாறவே இல்லை. அதனால் அந்தக் காகிதத்தை அதுவரை முழுசாகப் பார்த்ததே கிடையாது.

அன்றைக்கு ஸ்கேல் வைத்து ஒவ்வொரு வரியாகப் பார்த்தேன். ஏப்ரல் மாதத் தவணை 22,722. அதில் வட்டிக்குப் போனது 22,165. அசலில் கழிந்தது 557.

557 ரூபாய் எங்கள் வீட்டில் ஒரு வாரப் பால் காசு. கீழே "மீதமுள்ள தவணைகள்: 485" என்று இருந்தது. அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தேன். 485-ஐ 12-ஆல் வகுத்தால் 40 வருஷம் 5 மாதம். எனக்கு அப்போது 39 வயது. கடன் முடியும்போது 79.

மறுநாள் அரை நாள் லீவு போட்டுக் கிளைக்குப் போனேன். அங்கிருந்த அதிகாரி பொறுமையாகத்தான் பேசினார். "ரிசர்வ் வங்கி எங்களுக்குத் தர்ற கடனோட வட்டி, அதான் ரெப்போ, ஏறினதால உங்க வட்டியும் ஏறிடுச்சு மேடம். உங்களுக்குச் சிரமம் வேண்டாம்னு தவணையை அப்படியே வச்சுட்டுக் காலத்தை நீட்டியிருக்கு" என்றார். வட்டி மாறியதாக எனக்கு நான்கு குறுஞ்செய்தி வந்திருந்தது உண்மை. காலம் நீண்டதைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை.

2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4-லிருந்து 6.5-க்குக் கொண்டுபோனது. எங்கள் கடன் 6.7-லிருந்து 9.2 ஆகிவிட்டது. இரண்டரை சதவீதம் என்று காதில் கேட்கும்போது சின்னதாக இருக்கிறது. ஆனால் எங்கள் தவணையில் அசலுக்குப் போய்க்கொண்டிருந்ததில் ஏறக்குறைய முழுவதையும் அதுவே விழுங்கிவிட்டது.

"பழையபடி 2041-லேயே முடியணும்னா மாசம் எவ்வளவு கட்டணும் சார்?" என்று கேட்டேன். கணினியில் தட்டிப் பார்த்து 27,431 என்றார். அதாவது 4,709 ரூபாய் கூடுதல்.

வீட்டுக்கு வந்து நோட்டில் கணக்குப் போட்டேன். 22,722-ஐயே கட்டிக்கொண்டு போனால் இனிமேல் கட்ட வேண்டியது மொத்தம் 1 கோடியே 10 லட்சம். 27,431 கட்டினால் 59 லட்சத்துச் சொச்சம். வித்தியாசம் சுமார் 51 லட்சம். நம்ப முடியாமல் மூன்று தடவை போட்டேன், மூன்று தடவையும் அதேதான் வந்தது.

அந்த வருஷம் முடிந்த 5,000 ரூபாய்ச் சீட்டை நாங்கள் மறுபடி கட்டவில்லை. அந்தப் பணம் தவணைக்குப் போனது. யாருக்காவது இப்படி நடந்திருந்தால் எழுதுங்கள். தவணை எவ்வளவு என்று மட்டும் எழுதாமல், போன மாதம் அசலில் எவ்வளவு கழிந்தது என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

ஆவடிக்காரர்

டீச்சர், எனக்கு நடந்தது வேறு மாதிரி. 2011-இல் வாங்கிய கடன். அப்போது வங்கிகள் தாங்களே நிர்ணயித்த அடிப்படை விகிதத்திலேயே வருஷக்கணக்காக ஓடிக்கொண்டிருந்தது. 2020 தொடக்கத்தில் என் பாக்கி 16 லட்சம், வட்டி 10.1. பக்கத்து சீட்டில் வேலை பார்க்கும் தம்பி அதே வங்கியில் புதிதாகக் கடன் வாங்கினான், 8.2-க்கு. 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் ஃப்ளோட்டிங் (வட்டி மாறக்கூடிய) வீட்டுக் கடன்களை ரெப்போ மாதிரி வெளி அளவுகோல் ஒன்றோடுதான் இணைக்க வேண்டும் என்பது அவன் சொல்லித்தான் எனக்குத் தெரியும்.

ஒரு மனு எழுதிக் கொடுத்து, ஜி.எஸ்.டி.யோடு 5,900 ரூபாய் கட்டினேன். புதிய முறைக்கு மாற்றிக் கொடுத்தார்கள். அந்த ஒரு வருஷத்தில் மட்டும் வட்டியில் கிட்டத்தட்ட 30,000 குறைந்தது. கேட்டால் மாற்றித் தருவார்கள். கேட்காதவரைக்கும் யாரும் கூப்பிட்டுச் சொல்ல மாட்டார்கள். அதற்கு முந்தைய வருஷங்களில் போனதை நினைத்தால் இன்றைக்கும் மனசு ஆறவில்லை.

பல்லடம் தறி

பத்திரச் செலவை யாரும் சொல்லவில்லையே. 2019-இல் 42 லட்சத்துக்குக் கட்டிய வீடு வாங்கினேன். அப்போது முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 4, ஆக 11 சதவீதம். 4 லட்சத்து 62 ஆயிரம். வங்கி இதை வீட்டின் விலையில் சேர்க்காது, வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் கடன் என்று சொல்லிவிட்டார்கள். கையிலிருந்த சேமிப்பெல்லாம் முன்பணத்துக்கே போய்விட்டது. பதிவுக்காக நாலரை லட்சம் தனிநபர் கடன் வாங்கினேன், 14 சதவீதம், 5 வருஷம். மாதம் 10,471. முடிக்கும்போது 6 லட்சத்து 28 ஆயிரம் கட்டியிருந்தேன்.

வங்கி வக்கீல் ஃபீஸ், வேல்யூவர், ப்ராசஸிங் ஃபீஸ், அடமானப் பதிவு எல்லாம் தனி. வீடு பார்க்கப் போகும்போதே விலைக்கு மேலே ஏழெட்டு லட்சம் தனியாகக் கையில் இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

ஓ.எம்.ஆர். வாசி

கட்டிக்கொண்டிருக்கும் அடுக்குமாடியில் புக் செய்தவர்களுக்காக எழுதுகிறேன். கட்டுமானம் முன்னேற முன்னேற வங்கி பில்டருக்குப் பணத்தைப் பகுதி பகுதியாகக் கொடுக்கும். சாவி கைக்கு வரும்வரை, வங்கி கொடுத்த பணத்துக்கு நாம் வட்டி மட்டும் கட்டினால் போதும் என்பார்கள். ப்ரீ-ஈ.எம்.ஐ. என்று பெயர். எனக்கு 28 லட்சம் வரை கொடுத்த பிறகு வேலை நின்றுவிட்டது. 8.4 சதவீதத்தில் மாதம் 19,600. அப்படியே 22 மாதம். 4 லட்சத்து 31 ஆயிரம் கட்டிய பிறகும் பாக்கி அதே 28 லட்சம். அந்த 22 மாதமும் துரைப்பாக்கத்தில் 14,000 ரூபாய் வாடகையும் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

ஆரம்பத்திலேயே முழுத் தவணை கட்டுகிறேன் என்று கேட்டிருக்கலாம். அப்படி ஒரு வழி இருப்பதே அப்போது எனக்குத் தெரியாது.

ஓய்வுபெற்ற வங்கியாளர்

டீச்சரம்மா எழுதியதை இரண்டு தடவை படித்தேன். கடன் பிரிவில் 9 வருஷம் உட்கார்ந்தவன் என்ற முறையில் சில விஷயங்களை விளக்கமாகச் சொல்ல ஆசைப்படுகிறேன்.

வட்டி எப்போதும் மீதியிருக்கும் அசலுக்குத்தான். 30 லட்சம், 20 வருஷம், 8.5 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். தவணை 26,035. முதல் மாத வட்டி 21,250, மிச்சம் 4,785தான் அசலுக்குப் போகும். அசல் பாதியாகக் குறைய எவ்வளவு காலம் ஆகும் என்று கேட்டால் எல்லோரும் 10 வருஷம் என்பார்கள். 13 வருஷம் 10 மாதம் ஆகும். 20 வருஷத்தில் மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். வாங்கியதைவிட வட்டி அதிகம்.

ஆரம்ப வருஷங்களில் அசலில் போடும் பணத்துக்கு மதிப்பு அதிகம் என்பதும் இதனால்தான். இதே கடனில் வருஷம் ஒரு தவணை கூடுதலாகக் கட்டிப் பாருங்கள். போனஸோ, கரும்புப் பணமோ, எதுவாக இருந்தாலும் சரி. 16 வருஷம் 8 மாதத்தில் முடிந்துவிடும். மொத்தத்தில் 6 லட்சத்துக்கு மேல் மிச்சம். ஃப்ளோட்டிங் வட்டியில் தனிநபர்கள் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. ஆனால் கூடுதல் பணம் கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணை அப்படியே இருக்கட்டும்" என்று எழுதிக் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். சும்மா கட்டிவிட்டு வந்தால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுவார்கள். உங்களுக்கு மாதம் கொஞ்சம் லேசாகத் தெரியும், வட்டியில் மிச்சமாவது ரொம்பக் குறைந்துபோகும்.

இன்னொன்று. டீச்சரம்மாவுக்கு நடந்ததைப் போலப் பலருக்கும் நடந்த பிறகு, 2023 ஆகஸ்ட் 18-இல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று வங்கி உங்களைக் கேட்க வேண்டும். இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி, இன்னும் எத்தனை தவணை என்ற விவரத்தை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டும். வராவிட்டால் கிளை மேலாளருக்கு எழுதிக் கேளுங்கள். அது உங்கள் உரிமை.

வரி மிச்சமாகிறது, அதனால் கடனை அடைக்காதே என்று சொல்பவர்களையும் நிறையப் பார்த்துவிட்டேன். பழைய வரி முறையில், குடியிருக்கும் வீட்டுக்கு வருஷம் 2 லட்சம் வட்டி வரைதான் கழிவு. 30 சதவீத வரி கட்டுபவருக்கே 100 ரூபாய் வட்டிக்கு 30 ரூபாய்தான் திரும்பும், 70 ரூபாய் போனது போனதுதான். புதிய வரி முறையில் அந்தக் கழிவும் இல்லை.

நெல்லைச் சீமை

ஐயா சொன்னது எல்லாம் சரிதான். கடனோடு வரும் இன்சூரன்ஸைப் பற்றி நான் சொல்கிறேன்.

எங்கள் கடனில் 1 லட்சத்து 20 ஆயிரம் ஒரே பிரீமியமாகப் போட்டு, அதையும் கடனிலேயே சேர்த்துவிட்டார்கள். கட்டாயம் என்று சொன்னார்கள். அப்படி எந்த விதியும் இல்லை என்பது பிறகுதான் தெரிந்தது. என் வீட்டுக்காரர் ரொம்பக் கோபப்பட்டார். "இந்த ஒரு லட்சத்து இருபதாயிரத்துக்கும் 20 வருஷம் வட்டி கட்டணும், முடியும்போது ரெண்டரை லட்சம் ஆயிரும்ளா" என்று சாப்பிட உட்காரும்போதெல்லாம் சொல்வார்.

2021 மே மாதம் கொரோனாவில் அவர் போய்விட்டார். பாக்கிக் கடன் முழுவதையும் அந்த பாலிசிதான் அடைத்தது. நானும் பிள்ளைகளும் இன்றைக்கு அதே வீட்டில்தான் இருக்கிறோம்.

பிரீமியத்தைக் கடனில் சேர்க்க விடாதீர்கள், முடிந்தால் கையிலிருந்து கட்டுங்கள். இல்லையென்றால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்கு மட்டுமான உயிர்க் காப்பீடு) எடுங்கள். ஆனால் செலவைக் குறைக்கிறேன் என்று அது இல்லாமல் மட்டும் கடன் வாங்காதீர்கள்.

திருச்சி டீச்சர்

அக்கா, படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எதுவும் எழுத முடியவில்லை. எங்கள் கடனுக்கு இன்சூரன்ஸ் இல்லை. இந்த வாரமே அவர் பெயரிலும் என் பெயரிலும் டேர்ம் பாலிசி விசாரிக்கிறோம்.

கோவை சிங்காநல்லூர்

கையில் வந்ததையெல்லாம் கடனில் போட்டு மூன்று வருஷத்தில் 9 லட்சம் அசலைக் குறைத்தேன். அப்புறம் அப்பாவுக்கு பைபாஸ். கையில் காசே இல்லை. கடனில் போட்ட பணத்தைத் திரும்ப எடுக்க முடியாது, மனைவியின் நகையை அடகு வைத்தேன். ஆறு மாதச் செலவுக்கு உண்டானதை ஒதுக்கிவிட்டு மிச்சத்தை மட்டும் கட்டுங்கள்.

தஞ்சாவூர் கீழவாசல்

நான் போன வருஷம் கடனை அடைத்து முடித்தேன். முடித்தவர்கள் செய்ய வேண்டிய ஒன்று இருக்கிறது.

கடைசிப் பணத்தைக் கட்டிய 30 நாளுக்குள் வங்கி உங்கள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். அவர்களால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இந்த விதி இருக்கிறது. எனக்கு 19-ஆம் நாள் கொடுத்தார்கள். உறை மேல் என் கையெழுத்து, அதற்குள் 1968-இல் தாத்தா வாங்கிய மனையின் தாய்ப் பத்திரம். மடிப்பில் கிழிந்துவிடுமோ என்று பயந்து அங்கேயே மேஜைமேல் விரித்து, ஒவ்வொரு பக்கமாகப் பட்டியலோடு சரிபார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன். நீங்களும் அவசரப்படாதீர்கள்.

அதோடு வீட்டுக்கு வந்துவிடக் கூடாது. அடமானத்தைப் பதிவு செய்திருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். இல்லையென்றால் வில்லங்கச் சான்று போடும்போதெல்லாம் அந்தக் கடன் நின்றுகொண்டே இருக்கும். என் பெரியப்பா இதைச் செய்யாமல் விட்டதால், 11 வருஷம் கழித்து வீட்டை விற்கும்போது வங்கிக்கும் பதிவு அலுவலகத்துக்கும் இரண்டு மாதம் அலைந்தார்.

திருச்சி டீச்சர்

எல்லோருக்கும் நன்றி. வங்கியாளர் ஐயா சொன்னபடி முத்திரையோடு நகல் வாங்கி ஃபைலில் வைத்துவிட்டேன்.

2025-இல் பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் என்று ரெப்போ மொத்தம் 1 சதவீதம் இறங்கியதில் எங்கள் வட்டி 8.2 ஆனது. தவணையைக் குறைக்கவா என்று கிளையில் கேட்டார்கள். வேண்டாம், 27,431 அப்படியே இருக்கட்டும் என்று எழுதிக் கொடுத்தேன். ஜூலை ஸ்டேட்மெண்ட் இப்போது என் முன்னால் இருக்கிறது. வட்டி 18,709. அசல் 8,722.