டப்பா சொன்ன வருஷம், விளிம்பு சொன்ன வருஷம்

பழைய காட்சி தேடி எங்கள் படச்சுருள் காப்பகத்துக்கு வருகிறவர்கள் முதலில் கேட்பது, "இது எந்த வருஷத்து ரீல்?" டப்பாவின் மேல் எழுதியிருப்பதைப் படித்துச் சொல்லிவிடலாம்தான். நான் அப்படிச் சொல்வதில்லை. அதற்குக் காரணமான அனுபவங்களில் ஒன்று இது.

ஆவணப்பட இயக்குநர் ஒருவருக்கு 1943ஆம் வருஷத்து வெள்ளக் காட்சி வேண்டியிருந்தது. 35 எம்.எம். டப்பா ஒன்றில் "வெள்ளம், 1943" என்று அழகான கையெழுத்தில் இருந்தது. மனிதருக்கு அப்படியொரு சந்தோஷம். மூடியைத் திறந்ததும் குப்பென்று வினிகர் வாடை அடித்தது. எனக்கு அங்கேயே சந்தேகம் தட்டிவிட்டது. 1950களின் தொடக்கம் வரை 35 எம்.எம்.மில் பெரும்பாலும் நைட்ரேட் சுருள்தான், எளிதில் தீப்பற்றும் பழைய வகை. வினிகர் வாடை, அதற்குப் பதிலாக வந்த அசிட்டேட் சுருளுக்கு வரும் நோய். சரி, பிற்பாடு போட்ட பிரிண்டாக இருக்கலாமே என்று லைட் பாக்ஸில் விரித்து விளிம்பைப் பார்த்தோம்.

கறுப்பு வெள்ளைப் பிரிண்டின் விளிம்பில் கறுப்பாகத் தெரியும் எழுத்து அந்தச் சுருளுக்கே உரியது. வெள்ளையாகத் தெரிவது நெகட்டிவிலிருந்து அச்சாகி வந்தது. காட்சியின் வயதைத் தேட அந்த வெள்ளை எழுத்தைத்தான் பிடிக்க வேண்டும். கோடாக் சுருள்களில் வட்டம், சதுரம், முக்கோணம் என்று குறிகள் இருக்கும். சுருள் தயாரான வருஷத்தை அவை சொல்லும். ஆனால் அதே குறி 20 வருஷம் கழித்துத் திரும்பவும் வரும். இதில் இருந்தது 1938 அல்லது 1958. பக்கத்திலேயே வெள்ளையில் 'சேஃப்டி' என்ற சொல், எளிதில் தீப்பற்றாத அசிட்டேட் வகைக்குப் போடும் முத்திரை. அப்படியானால் நெகட்டிவும் அசிட்டேட், 1958தான். ஒருவேளை அது டூப் நெகட்டிவாக, அதாவது பழைய படத்திலிருந்து பிற்பாடு நகலெடுத்த நெகட்டிவாக இருந்தால்? அதற்காகக் காட்சியையும் ஃபிரேம் ஃபிரேமாகப் பார்த்தோம். தண்ணீரில் பாதி முங்கி நின்ற காரின் மாடல் 1950களின் நடுவில் வந்தது. அதோடு விஷயம் முடிந்தது.

"வெள்ளம் எங்கேயும் ஒரே மாதிரிதானே இருக்கும், யாருக்குத் தெரியப்போகிறது?" என்றார் இயக்குநர். நான் ஒத்துக்கொள்ளவில்லை. கூரை மேல் உட்கார்ந்திருந்தவர்கள் வேறொரு துயரத்தில் இருந்தவர்கள். அவர்களை எடுத்து இன்னொரு வெள்ளத்தில் போட நமக்கு உரிமை கிடையாது. தவிர, இந்தத் தப்பு ஒரு படத்தோடு நிற்காது. அடுத்து தேடுகிறவர் அந்த ஆவணப்படத்தையே ஆதாரமாகக் காட்டுவார். இயக்குநர் வருத்தத்தோடுதான் போனார், ஆனால் அந்தக் காட்சியைப் பயன்படுத்தவில்லை.

அப்புறம் ரீலைக் கவனித்தோம். அசிட்டேட் சிதையும்போது வெளிவரும் அமிலமே சிதைவை இன்னும் வேகப்படுத்தும். அதனால் முதல் வேலையாக மற்ற ரீல்களிடமிருந்து அதைப் பிரித்து வைத்தோம். சுருங்கிப் போயிருந்ததால், ஓரத் துளைகளைப் பல்சக்கரம் பிடித்து இழுக்கும் இயந்திரத்தில் ஓட்ட முடியாது, கிழித்துவிடும். பல்சக்கரம் இல்லாத ஸ்கேனரில் மெதுவாக ஓட்டி எடுத்துவிட்டு, குளிர் அறையில் வைத்தோம்.

அந்தத் தப்பான லேபிளை நாங்கள் தூக்கிப் போடவில்லை. அதே கையெழுத்தில் வேறு டப்பாக்களும் இருக்கலாம், அவற்றையும் சந்தேகித்துப் பார்க்க இது உதவும். அட்டவணையில் இரண்டையுமே எழுதினோம்: டப்பாவில் 1943, விளிம்பில் 1958.