மில் கேம்ப்ல இருந்த அம்மா, காலேஜ் போற மகள்

பல்லடத்துலிருந்து திருப்பூர் போற டவுன் பஸ்ல ஒரு புள்ள பக்கத்துல உட்கார்ந்துச்சு. "எந்த ஊரு அம்மிணி?"ன்னு பேச்சுக் கொடுத்தேன். பி.காம். ரெண்டாம் வருசமாம். அவங்க அம்மா கல்யாணத்துக்கு முன்னாடி நூல் மில்லு கேம்ப்ல மூணு வருசம் இருந்தவங்களாம்.

நானும் அப்படி இருந்தவதாங்க. மில்லுக்குள்ளயே ஹாஸ்டல், ஷிப்ட் முடிஞ்சா ரூம், நெனச்சப்ப வெளிய போக முடியாது. மூணு வருசத்தை முழுசா முடிச்சாத்தான் மொத்தமா ஒரு தொகை கைக்கு வரும், அதுல நகை எடுக்கணும். சுமங்கலித் திட்டம்னு சொல்லுவாங்க. உடம்பு முடியாம நடுவுல நின்ன புள்ளைக வெறுங்கையோட ஊருக்குப் போனதைக் கண்ணால பார்த்திருக்கேன்.

"பஸ்ஸுக்குக் காசு குடுக்க வேண்டியதில்லீங்க்கா, மாசம் ஆயிரம் ரூவா புதுமைப் பெண் பணம் வருது. அதனாலதான் அப்பா சரின்னாரு"ன்னுச்சு. பொம்பளைகளுக்கு டவுன் பஸ் இலவசமானது 2021ல. ஆறாவதுலிருந்து பன்னெண்டாவது வரைக்கும் அரசுப் பள்ளியில படிச்சு காலேஜ் போற பொம்பளப் புள்ளைகளுக்கு இந்த ஆயிரம் ரூவா வந்தது 2022ல. ஆயிரம் ரூவால என்ன ஆகும்னு கேக்கறவங்க, படிப்பா மில்லான்னு பேச்சு நடக்கற வீட்டுல ஒருநாள் உட்கார்ந்து பார்க்கணும்.

எறங்கறதுக்கு முன்னாடி இன்னொண்ணு சொல்லுச்சு. தினமும் ராத்திரி அம்மா போனை வாங்கிப் பார்க்கறாங்களாம், கூடப் படிக்கற பசங்க என்ன ஆளுகன்னு கேக்கறாங்களாம். "காலேஜுக்கு விட்டுட்டாங்க, நம்பத்தான் மாட்டேங்கறாங்க." அந்த அம்மாவோட பயம் எனக்குப் புரியுது. 2016 மார்ச்ல உடுமலைப்பேட்டையில, சாதி மாறிக் கட்டின பையனை நடுரோட்டுல வெட்டினதை டிவியில பார்த்தவங்கதானே நாம. ஆனா வெட்டினவனுக்குப் பயந்து புள்ளைய அடக்கறது எந்த ஊரு நியாயம்? உங்க வீடுகள்ல எப்படின்னு சொல்லுங்க.

*

சோமனூர்லிருந்து எழுதறேன் அக்கா. எங்களுது கூலித் தறி, அடுத்தவங்க குடுக்கற நூலைக் கூலிக்கு நெஞ்சு குடுக்கறதுங்க. எனக்குப் பொண்ணு தேடறாங்க. நம்ம சனத்துலதான் வேணும்னு அப்பா, வெளியூர்ல வேலையிருக்கற மாப்பிள்ளைதான் வேணும்னு பொண்ணு வீட்டுக்காரங்க. தறின்னு சொன்னதும் போனை வெச்சுடறாங்க. அவங்களைக் குத்தம் சொல்ல மாட்டேன். படிச்ச புள்ள எதுக்குத் தறிச்சத்தத்துல வந்து உட்காரணும்?

"எந்தச் சாதியா இருந்தாலும் சரிங்கப்பா"ன்னு ஒருநாள் வாயைத் திறந்து சொல்லிட்டேன். அதோட அப்பா எங்கிட்டப் பேச்சை நிறுத்திட்டாரு. அம்மாதான், "புள்ள நல்லவளா இருந்தாப் போதும், உங்கப்பாகிட்ட நான் பேசிக்கறேன்"னாங்க.