சவோய் சூப்பில் சீஸ் உருண்டுகொள்கிறது, வழி சொல்லுங்கள்

மூன்று வாரமாக ஒரே சூப்பிடம் தோற்றுக்கொண்டிருக்கிறேன். இருப்பது பிரான்சின் சவோய் பகுதியில், ஷாம்பெரி ஊரில், வெளியே பனி, இந்தப் பக்கத்துக் குளிர்கால சூப்பான சூப் சவோயார்ட் செய்யப் பார்க்கிறேன். லீக்ஸ் (வெங்காயத்தாள் மாதிரி, ஆனால் தடிமனானது) 3, டர்னிப் 2, செலரிக் கிழங்கு பாதி, உருளைக்கிழங்கு 4, எல்லாவற்றையும் வெண்ணெயில் வதக்கி ஒன்றேகால் லிட்டர் தண்ணீரில் 40 நிமிடம் வேகவைத்து, கடைசியில் அரை லிட்டர் பால். அதுவரை பிரமாதம், வாசனைக்கே பசி வந்துவிடும். 150 கிராம் போஃபோர் சீஸைப் போட்டதும் எல்லாம் கெடுகிறது. சீஸ் உருண்டு ரப்பர் மாதிரி கரண்டியில் ஒட்டுகிறது, மேலே எண்ணெய் மிதக்கிறது.

முதல் தடவை கொதிக்கும்போதே போட்டேன், அது என் தப்பு. அப்புறம் அடுப்பை அணைத்துவிட்டுத் துருவிப் போட்டேன், கொழுப்பு நீக்காத பாலுக்கு மாறினேன், போன ஞாயிறு போஃபோருக்குப் பதிலாகத் தோம் த சவோய் என்ற சீஸை வாங்கிப் பார்த்தேன். எண்ணெய் குறைந்தது, உருண்டை அப்படியே. ஒயின், எலுமிச்சை எதுவும் சேர்க்கவில்லை. கிண்ணத்தில் ரொட்டித் துண்டும் சீஸும் வைத்து மேலே சூப்பை ஊற்றுவதுதான் இங்கே வழக்கம், தெரியும், ஆனால் ஊறிய ரொட்டியைப் பிள்ளைகள் தொடுவதே இல்லை.

ரொட்டி இல்லாமல், சீஸ் சூப்போடு வழவழவென்று கலக்க நான் என்ன மாற்ற வேண்டும்?