ஸ்ரீ மெனாந்தி பழைய அரண்மனை: மரத்தச்சரோடு போய்ப் பார்த்த அனுபவம்

மலாய் அரண்மனைகள் பற்றி எல்லோரும் எழுதுவதைப் பார்த்து, மலேசியாவின் நெகிரி செம்பிலான் மாநிலத்துக்காரனாக நானும் எங்கள் ஊர் அரண்மனையைப் பற்றிச் சொல்கிறேன். சில வருடங்களுக்கு முன் அப்பாவைக் கூட்டிக்கொண்டு, எங்கள் மாநிலத்தின் அரச நகரான ஸ்ரீ மெனாந்தி போனேன். அப்பா ஆயுள் முழுக்க மரவேலை செய்தவர்.

சிரம்பானிலிருந்து கோலா பிலா போகும் பழைய சாலை புக்கிட் புத்துஸ் மலையில் வளைந்து ஏறும். 1875 டிசம்பரில் ஆங்கிலேயப் படையும் மலாய் வீரர்களும் மோதிய கணவாய் அதுதான். அந்தச் சுங்கை ஊஜோங் போரில் ஸ்ரீ மெனாந்தியில் இருந்த முந்தைய அரண்மனையை ஆங்கிலேயச் சிப்பாய்கள் கொளுத்திவிட்டார்கள். இப்போது நாம் பார்ப்பது அதற்குப் பதிலாக, எங்கள் மாநில அரசர் துவாங்கு முகமட் காலத்தில், 1902-ல் தொடங்கி 1908-ல் முடித்தது. காஹார், தாயிப் என்ற இரண்டு மலாய்த் தச்சர்களின் கைவண்ணம். கட்டடம் முழுக்கச் செங்கால் (chengal) என்ற உறுதியான மரம். ஓர் இரும்பு ஆணிகூட அடிக்கவில்லை.

எல்லோரும் முதலில் 99 தூண்களைத்தான் எண்ணுவார்கள். அது 99 போர்வீரர்களைக் குறிக்கும் என்பார்கள். அப்பா எண்ணவே இல்லை. நேராக ஒரு தூணருகே போய்க் குனிந்தார். குறுக்குச் சட்டம் தூணுக்குள் நுழைகிற இடத்தில் விரலை வைத்துத் தடவினார். தூணில் துளை, அதற்குள் கழுந்து (சட்டத்தின் முனையில் செதுக்கிய நாக்கு), இரண்டையும் சேர்த்துப் பிடிக்கக் குறுக்கே ஒரு மர முளை. முளையின் தலை தூணின் முகத்தோடு சமமாக இருந்தது. விரலுக்குத் தட்டுப்படவில்லை. நூறு வருடத்துக்கு மேல் வெயிலும் மழையும் பார்த்த மரம்!

அங்கே இருந்த மலாய்க்காரர் ஒருவர் இதைக் கவனித்துவிட்டு, “அண்ணே, துக்காங்கா?” (தச்சரா?) என்று கேட்டார். அப்பா ஆமாம் என்றதும் மனிதருக்கு உற்சாகம் வந்துவிட்டது. எங்களைக் கூட்டிப்போய் நடுவில் நிற்கும் நான்கு பெரிய தூண்களைக் காட்டினார். ஏறக்குறைய 20 மீட்டர் உயரம், தரையிலிருந்து மேல்மாடி வரை மாடிகளைத் துளைத்துக்கொண்டு போகின்றன. கிரேன் இல்லாத காலத்தில் இதை எப்படி நிறுத்தினார்கள் என்று இருவரும் மலாயில் வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் வாயைத் திறக்கவில்லை.

ஆணி ஏன் வேண்டாம் என்பதை அப்பா எனக்கு விளக்கினார். நம் நாட்டு ஈரத்தில் மரம் ஊதும், அப்புறம் சுருங்கும். இரும்பு துருப்பிடித்தால் அதைச் சுற்றியிருக்கிற மரமும் கெட்டுப்போகும். முளையும் கழுந்தும் மரத்தோடு மரமாக அசைந்து கொடுக்கும். தேவைப்பட்டால் ஒரு சட்டத்தை மட்டும் கழற்றி மாற்றலாம்.

கீழே முன்பக்கம் நீண்ட திண்ணை, விருந்தினரை வரவேற்கும் இடம். அங்குள்ள தூண்களில் இலையும் கொடியுமாகச் செதுக்கியிருக்கிறார்கள். மேலே போகப் போக அரச குடும்பத்தின் அறைகள். உச்சியில் கோபுரம்போல ஒரு சிறிய மாடி, அரச பொக்கிஷங்களும் ஆவணங்களும் வைத்த இடமாம். என்னைக் கேட்டால் அழகு கீழ்த்தளத்தில்தான். மேல்மாடிகளில் காட்சிப் பெட்டிகள்தான் கண்ணில் படுகின்றன.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். நெகிரி செம்பிலானில் அரச பதவி தானாகத் தந்தையிடமிருந்து மகனுக்குப் போவதில்லை. சுங்கை ஊஜோங், ஜெலுபு, ஜொகோல், ரெம்பாவ் ஆகியவற்றின் நான்கு உண்டாங்குகள், அதாவது வட்டாரத் தலைவர்கள், கூடி, அரச குடும்பத்திலிருந்து யாங் டி பெர்துவான் பெசார் என்ற மாநில அரசரைத் தேர்ந்தெடுப்பார்கள். துவாங்கு முகமட்டின் மகன் துவாங்கு அப்துல் ரஹ்மான்தான் பின்னர் மலாயாவின் முதல் மாமன்னர், நம் ரிங்கிட் நோட்டில் இருப்பவர். அரண்மனை முடிந்தபோது அவருக்குப் பன்னிரண்டு, பதின்மூன்று வயது. 1931 வரை அரச குடும்பம் இங்கேதான் இருந்தது, அப்புறம் பக்கத்தில் புதிய அரண்மனைக்கு மாறியது. 1992-ல் இதை அருங்காட்சியகமாக்கினார்கள்.

போகிறவர்கள் தயவுசெய்து படமெடுத்துக்கொண்டு உடனே திரும்பிவிடாதீர்கள். இணைப்புகளைக் கிட்டே போய்ப் பாருங்கள். பேராக் மாநிலத்துக் கோலா கங்சாரில் உள்ள இஸ்தானா கெனாங்கான் அரண்மனையும் ஆணியில்லாமல் கட்டியதுதான், அங்கே சுவரே மூங்கில் பின்னல். அதைப் பார்த்தவர்கள் யாராவது இருந்தால் விவரமாக எழுதுங்கள், அப்பாவுக்கும் படித்துக் காட்டுகிறேன்.