ஹைஸ்கூல் ஃபுட்பாலும் கல்லூரி ஸ்காலர்ஷிப்பும்: அமெரிக்காவுக்குப் புதிதாக வந்த பெற்றோருக்கு

கேள்வி: மகன் ஒன்பதாம் வகுப்பை மதுரையில் முடித்துவிட்டு டெக்சாஸில் ஹைஸ்கூல் சேர்ந்திருக்கிறான். எச்-4 விசா (எச்-1பி போன்ற வேலை விசாவில் இருப்பவரின் குடும்பத்தாருக்கான விசா). பள்ளி ஃபுட்பால் டீமில் (நம் கால்பந்து அல்ல, அமெரிக்கன் ஃபுட்பால்) எடுத்திருக்கிறார்கள். பழைய காமெடிப் படங்களில் வருவதுபோல கல்லூரி கோச்கள் வீடு தேடி வந்து காரும் பணமும் தருவார்கள் என்று நம்பிக்கொண்டிருக்கிறான். உண்மையில் எப்படி நடக்கும்?

பதில்: அந்தப் படங்களில் வருவதெல்லாம் கற்பனை என்று சொல்லிவிட முடியாது. டல்லஸில் இருக்கும் சதர்ன் மெத்தடிஸ்ட் பல்கலைக்கழகத்தில் வீரர்களுக்கு ரகசியமாகப் பணம் போனது அம்பலமாகி, அந்த டீமின் 1987 சீசனையே கல்லூரி விளையாட்டுகளுக்கு விதி வகுக்கும் அமைப்பான என்.சி.ஏ.ஏ. ரத்து செய்தது. இன்று நிலைமை வேறு. 2021 ஜூலை முதல் வீரர்கள் தங்கள் பெயரையும் படத்தையும் வைத்து வெளிப்படையாகச் சம்பாதிக்கலாம். 2025 ஜூனில் நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட உடன்பாட்டுக்குப் பிறகு, அதில் சேர்ந்த கல்லூரிகளே வீரர்களுக்கு நேரடியாகப் பணம் தரவும் முடிகிறது. ஆனால் எச்-4 பிள்ளைக்கு இதில் பெரிய சிக்கல் இருக்கிறது. அதைக் கீழே சொல்கிறேன்.

உங்கள் மகன் விஷயத்தில் முதலில் கவனிக்க வேண்டியது மைதானத்தை அல்ல, மதுரைப் பள்ளியின் ஒன்பதாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலை. என்.சி.ஏ.ஏ.-வின் காலக்கணக்கு ஒன்பதாம் வகுப்பில் முதன்முதலாகச் சேர்ந்த நாளிலிருந்தே ஓடத் தொடங்கிவிடுகிறது, அது எந்த நாடாக இருந்தாலும். டிவிஷன் 1-க்கு (கல்லூரி விளையாட்டின் மூன்று பிரிவுகளில் மேல்மட்டம்) அதிலிருந்து எட்டு செமஸ்டருக்குள் 16 கோர் பாடங்களை (என்.சி.ஏ.ஏ. கணக்கில் எடுக்கும் முக்கியப் பாடங்கள்) முடிக்க வேண்டும். இங்கே வந்ததும் "பழகிக்கொள்ளட்டும்" என்று மறுபடி ஒன்பதாவதில் போடச் சம்மதித்தால், ஒரு வருஷம் கையைவிட்டுப் போய்விடும். பள்ளி ஆட்டத்துக்கும் இதே பிரச்சினை உண்டு. டெக்சாஸில் பள்ளி விளையாட்டுகளை நடத்தும் அமைப்பான யு.ஐ.எல். விதிப்படி, ஒன்பதாவதில் முதலில் சேர்ந்ததிலிருந்து நான்கு ஆண்டுகள்தான் ஆடலாம், செப்டம்பர் 1 அன்று வயது 19-க்குள் இருக்க வேண்டும். நம் பிள்ளைகள் கடைசி வருஷத்தில், கோச்கள் பார்க்க வரும் நேரத்தில், ஆட முடியாமல் உட்காருவது பெரும்பாலும் இதனால்தான். எந்த வகுப்பில் சேர்ப்பது என்று கவுன்சலர் கேட்கும்போதே இதைப் பேசிவிடுங்கள்.

16 பாடங்களின் கணக்கு: ஆங்கிலம் 4, அல்ஜீப்ரா 1-இலிருந்து தொடங்கும் கணிதம் 3, அறிவியல் 2, இந்த மூன்றில் ஏதாவது ஒன்றில் கூடுதலாக 1, சமூக அறிவியல் 2, மீதி 4 அங்கீகரித்த வேறு பாடங்கள். இதில் 10 பாடங்கள் பன்னிரண்டாவது தொடங்கும் முன்பே முடிந்திருக்க வேண்டும், அந்தப் பத்தில் 7 ஆங்கிலம், கணிதம், அறிவியலாக இருக்க வேண்டும். பன்னிரண்டாவது தொடங்கிவிட்டால் அந்தப் பத்தின் கிரேடுகள் பூட்டியாயிற்று, திரும்ப எழுதி ஏற்ற முடியாது. கோர் ஜி.பி.ஏ. (இந்தப் பாடங்களின் சராசரி கிரேடு, 4-க்கு) குறைந்தது 2.3, டிவிஷன் 2-க்கு 2.2. எஸ்.ஏ.டி. (கல்லூரி நுழைவுத் தேர்வு) மதிப்பெண்ணை என்.சி.ஏ.ஏ. இப்போது கேட்பதில்லை, ஆனால் கல்லூரி தன் அட்மிஷனுக்குக் கேட்கலாம். இ.எஸ்.எல். ஆங்கிலம் (ஆங்கிலம் தாய்மொழி அல்லாதவர்களுக்கான வகுப்பு), தொழிற்கல்வி வகுப்புகள் எல்லாம் கோர் ஆகிவிடாது. உங்கள் பள்ளிக்கு என்னென்ன பாடங்கள் அங்கீகாரம் பெற்றவை என்ற பட்டியல் என்.சி.ஏ.ஏ. தளத்திலேயே கிடைக்கிறது. டைம்டேபிளை அதோடு பெயருக்குப் பெயர் ஒப்பிடுங்கள்.

மாணவரின் தகுதியைச் சரிபார்க்கும் என்.சி.ஏ.ஏ. எலிஜிபிலிட்டி சென்டரில் கணக்கு தொடங்குவதை பத்தாவதிலேயே செய்துவிடலாம், ஆரம்ப புரொஃபைல் இலவசம். மதுரைப் பள்ளியிலிருந்து ஒன்பதாவதுக்கான மதிப்பெண் சான்றை முத்திரையோடு இப்போதே வாங்கி வையுங்கள். நம் ஊரில் பத்தாவது, பன்னிரண்டாவதுக்கு போர்டு மார்க் ஷீட் உண்டு, ஒன்பதாவதுக்குப் பள்ளிப் பதிவேடுதான் ஆதாரம். மூன்று வருஷம் கழித்து, அங்கே தலைமையாசிரியர் மாறிய பிறகு கேட்டால் அலைக்கழிப்புதான்.

டெக்சாஸில் இன்னொன்று: ஒரு பாடத்தில் 70-க்குக் கீழே வந்தால் குறைந்தது மூன்று வாரம் மேட்ச் கிடையாது, பயிற்சிக்கு மட்டும் போகலாம். சில ஏ.பி., ஹானர்ஸ் (கடினமான, உயர்மட்ட) பாடங்களுக்கு விலக்கு உண்டு.

இன்னொருவர்: வீடியோ பற்றிச் சேர்க்கிறேன், ஏனென்றால் வேலை அங்கேதான் நடக்கிறது. பெரும்பாலான பள்ளிகள் மேட்ச் வீடியோவை ஹட்ல் (Hudl) தளத்தில் ஏற்றுகின்றன, பையனுக்கும் லாகின் கிடைக்கும். ஹைலைட் 3 முதல் 5 நிமிடம் போதும். முதல் திரையில் பெயர், ஜெர்சி எண், பொசிஷன், உயரம், எடை, பள்ளி முடிக்கும் ஆண்டு, ஜி.பி.ஏ., பள்ளிக் கோச்சின் தொடர்பு. ஒவ்வொரு துண்டிலும் பந்து ஸ்னாப் ஆவதற்கு (பந்தைப் பின்னால் தந்து ஆட்டம் தொடங்குவதற்கு) முன் படத்தை ஒரு நொடி நிறுத்தி, பையன் மேல் வட்டமோ அம்போ போட வேண்டும். இல்லாவிட்டால் 22 பேரில் எவன் என்று தேடவே நேரம் போகும். மிகச் சிறந்த ஆட்டங்களை முதலில் வையுங்கள், அடுத்த மாதம் இன்னும் நல்லது கிடைத்தால் வரிசையை மாற்றுங்கள். லைன்மேன் (முன்வரிசையில் எதிரணியைத் தடுப்பவர்) என்றால் ரன் பிளாக்கிங் (பந்தோடு ஓடுபவருக்கு வழிவிடத் தடுப்பது), பாஸ் பிளாக்கிங் (பந்தை எறிபவரைக் காக்கத் தடுப்பது) இரண்டும் வேண்டும். ஸ்லோ மோஷனும் பாட்டும் வேண்டாம். உயரத்தை இரண்டு அங்குலம் கூட்டிப் போடாதீர்கள். கல்லூரிகள் நடத்தும் கேம்ப்பில் அளவு டேப்போடு நிற்பார்கள், அங்கே குறைந்தால் மற்ற எதையும் நம்ப மாட்டார்கள்.

வீடியோ இணைப்பை கல்லூரியின் பொசிஷன் கோச்சுக்கும் (பையன் ஆடும் இடத்துக்கான கோச்) ரிக்ரூட்டிங் கோஆர்டினேட்டருக்கும் (புது வீரர்களைச் சேர்ப்பதைக் கவனிப்பவர்) பையனே மின்னஞ்சலில் அனுப்ப வேண்டும். அப்பா எழுதினால் எடுபடாது. பையன் பத்தாவது படிக்கும்போது டிவிஷன் 1 ஃபுட்பால் கோச்கள் தனிப்பட்ட முறையில் பதில் எழுத விதி இடம் தராது. பத்தாவதில் பதில் வராததை நிராகரிப்பு என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். கேள்விப் படிவமும் கேம்ப் அழைப்பும் ஆயிரக்கணக்கானோருக்குப் போகும், அதை ஆஃபர் என்று நினைத்துச் சொந்தக்காரர்களுக்கெல்லாம் சொல்லிவிட வேண்டாம். பல ஆயிரம் டாலர் கேட்கும் ரிக்ரூட்டிங் ஏஜென்சிகள் செய்வதில் பெரும்பகுதி மேலே சொன்னதுதான்.

முதல் பதிலைத் தொடர்ந்து: போனில் "உனக்கு ஆஃபர் தருகிறோம்" என்று கோச் சொன்னால், அது இரு தரப்பையும் கட்டுப்படுத்தாது. பையன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றே: "இதை இன்றே ஏற்றுக்கொண்டால் எனக்கு இடம் உறுதியா, கோச்?" தயங்கினால் நீங்கள் இரண்டாவது, மூன்றாவது வரிசையில் இருக்கிறீர்கள் என்று அர்த்தம். கோச் வேறு கல்லூரிக்குப் போனால் வாய்மொழி ஆஃபரும் கூடவே போய்விடும். முன்பு கல்லூரியில் சேர்வதாகக் கையெழுத்திட்டுத் தந்த நேஷனல் லெட்டர் ஆஃப் இன்டென்ட் 2024 அக்டோபரில் ஒழிக்கப்பட்டது, இப்போது கையெழுத்தாவது கல்லூரியின் நிதியுதவி ஒப்பந்தத்தில்தான். அதில் ஓராண்டா, நான்காண்டா, காயம்பட்டால் என்ன, படிப்புக்கட்டணம் மட்டுமா, தங்குமிடமும் சாப்பாடும் உண்டா என்று பாருங்கள். தங்குமிடம், சாப்பாட்டுக்கான ஸ்காலர்ஷிப் பகுதிக்கு வரி உண்டு, படிப்புக்கட்டணத்துக்கும் கட்டாயப் புத்தகங்களுக்கும் இல்லை. டிவிஷன் 3 கல்லூரிகளும் ஐவி லீகும் (ஹார்வர்ட், யேல் உள்ளிட்ட எட்டு பல்கலைக்கழகங்கள்) விளையாட்டு ஸ்காலர்ஷிப் தருவதே இல்லை.

இனி விசா. விளையாட்டு ஸ்காலர்ஷிப் கல்லூரியின் சொந்தப் பணம், எச்-4 அதற்குத் தடையில்லை. ஆனால் அமெரிக்க மத்திய அரசின் கல்வி உதவி எச்-4-க்குக் கிடைக்காது. பிள்ளைகளுக்கு வேலை அனுமதியும் இல்லை, ஆகவே காசு வாங்கி விளம்பரத்தில் நடிப்பது, ஆட்டோகிராஃப் விற்பது எல்லாம் விசா நிலையையே கெடுக்கக்கூடும். உள்ளூர் கடைக்காரர் நல்ல மனதோடு 200 டாலர் தந்தாலும் குடிவரவு வழக்கறிஞரைக் கேட்காமல் வாங்க வேண்டாம். 21 வயதில் எச்-4 முடியும். அது பெரும்பாலும் கல்லூரி நடுவில் வரும், எஃப்-1 மாணவர் விசாவுக்கு மாறும் வேலையை அதற்குப் பல மாதம் முன்பே சர்வதேச மாணவர் அலுவலகத்தோடு தொடங்குங்கள்.

மற்றொருவர்: இந்தக் கோடையிலேயே தேவைப்படுவது: மருத்துவரின் உடற்தகுதிப் படிவம், கிளீட்ஸ் (அடியில் முளைகள் உள்ள ஷூ), மவுத்கார்டு (பல் காப்பு). ஹெல்மெட்டும் ஷோல்டர் பேடும் பள்ளியே தரும். மவுத்கார்டு முழு வெள்ளையாகவோ நிறமற்றதாகவோ இருந்தால் ரெஃபரி ஒத்துக்கொள்ள மாட்டார். தலையில் அடிபட்டதாகச் சந்தேகம் வந்தாலே அன்று ஆட்டம் முடிந்தது. டெக்சாஸில் மருத்துவர் எழுத்தில் ஒப்புதல் தந்து, பிறகு படிப்படியாகப் பயிற்சிக்குத் திரும்ப வேண்டும், ஒவ்வொரு படிக்கும் குறைந்தது 24 மணி நேரம். பிள்ளை "ஒன்றுமில்லை அம்மா" என்று சொன்னாலும் தலைவலியும் வெளிச்சத்தில் கண் கூசுவதும் இருந்தால் அன்றிரவே பள்ளியின் அத்லெட்டிக் டிரெய்னருக்கு (விளையாட்டுக் காயங்களைக் கவனிப்பவர்) தகவல் சொல்லுங்கள். தொடர்ந்து வாந்தி எடுத்தாலோ, எழுப்பினால் விழிக்காவிட்டாலோ, தலைவலி ஏறிக்கொண்டே போனாலோ யோசிக்காமல் அவசர எண் 911-ஐ அழையுங்கள்.