தண்ணீர் அதிகம் கேட்காத பூக்கன்றுகள்: உங்கள் வளவில் எது பிடித்தது?

கோண்டாவிலிலிருந்து:

ஆண்டுக்கு 250 மில்லிமீற்றருக்குக் குறைவாக மழை பெய்யும் நிலத்தைப் பாலைவனம் என்பார்கள். யாழ்ப்பாணத்தில் எங்களுக்குக் கிட்டத்தட்ட 1200 விழுகிறது. ஆனால் பெரும் பங்கு ஐப்பசிக்கும் மார்கழிக்கும் இடையில் கொட்டித் தீர்ந்துவிடும். பிறகு சித்திரை வெயில், சோழகக் காற்று, கிணறு என்று காலம் போகும். ஆகவே பாலைவனச் செடி எதைக் கொண்டுவந்தாலும் வெயிலையும் தாங்க வேண்டும், மாரியையும் தாங்க வேண்டும்.

பாலைவன ரோஜா என்கிற அடீனியத்துக்கு வெயில் ஒரு பொருட்டே இல்லை. மாரியில்தான் போய்விடும். அரேபியா, ஆபிரிக்கா பக்கத்து வறண்ட நிலத்துச் செடி. தண்டின் அடியில் தண்ணீரைச் சேர்த்து வைத்திருக்கும். சாடி ஊறிக் கிடந்தால் அந்த அடிதான் முதலில் அழுகும். விரலால் அமத்திப் பாருங்கள், கொழகொழ என்றிருந்தால் கதை முடிந்தது. ஐப்பசி பிறக்க முன்னமே நான் சாடிகளைத் தாழ்வாரத்துக்குள் எடுத்துவிடுவேன்.

பெருக்குவதற்குத் தடியும் சரி, விதையும் சரி. தடியை வெட்டியதும் பால் வடியும். விஷப்பால், கண்ணில் பட்டுவிடக் கூடாது. வெட்டுவாய் காய்ந்து தோல் கட்டும்வரை சில நாள் நிழலில் போட்டுவிட்டுப் பிறகுதான் மணல் கூடிய மண்ணில் ஊன்ற வேண்டும். பச்சையாக ஊன்றினால் அழுகல் உள்ளே ஏறிவிடும். தடியில் வந்த கன்று சீக்கிரம் பூக்கும், ஆனால் அடி அவ்வளவாகப் பருக்காது. பருத்த அடிதான் அழகு என்பவர்கள் விதைக்குப் போக வேண்டும். காய் சோடியாக, ஆட்டுக்கொம்பு மாதிரி வரும். முற்றினதும் வெடிக்கும், உள்ளே இரண்டு முனையிலும் பஞ்சு கட்டிய விதைகள். காற்று நாளில் வெடித்தால் அடுத்த வளவுக்காரருக்குத்தான் லாபம். காய் முற்றத் தொடங்கியதும் நூலால் சுற்றிக் கட்டிவிடுங்கள்.

வேலணையிலிருந்து:

அண்ணை, உங்களுக்குச் செம்மண்ணும் நல்ல தண்ணீரும் இருக்கிறது. எங்கள் கிணறு ஆடி மாதத்தில் சவர். கடையில் அழகாக நிற்கிற பூக்கன்று பல இங்கே வந்து இலை நுனி கருகி நிற்கும்.

செவ்வலரியும் கடதாசிப்பூவும் சவரைத் தாங்கும் என்பது உண்மை. ஆனால் வேர் பிடித்த பிறகுதான் தாங்கும். தடி வேர்விடுகிற காலத்தில் நல்ல தண்ணீர்தான் வேண்டும். அதனால் எனக்குத் தடி நடுகிற காலம் கார்த்திகை. கூரைத் தண்ணீரை வாளியில் பிடித்து வைத்து அதையே ஊற்றுவேன். பென்சில் மொத்தத்தில் முற்றின தடி, அடியைச் சரிவாக வெட்டி, இலையெல்லாம் கழித்து, மேலே கிடுகு நிழல். அவ்வளவுதான்.

ஒன்று மட்டும் சொல்கிறேன். கடதாசிப்பூத் தடி துளிர்த்தவுடன் வேர் வந்துவிட்டது என்று நம்பி இடம் மாற்றாதீர்கள். தடிக்குள் இருக்கிற சத்திலேயே அது துளிர்க்கும். வேர் மெதுவாக வரும், அதுவும் மிக மெல்லியது. மண்கட்டி உடைந்தால் வேரும் அறுந்துவிடும். செவ்வலரிக்கு இந்தப் பத்தியம் ஒன்றும் இல்லை, போத்தல் தண்ணீரில் வைத்தாலே வேர்விடும். விஷம் என்பதால் ஆடும் வாய் வைக்காது. எங்கள் ஒழுங்கையில் படலை பூட்டாத வளவுகளில் மிஞ்சுவது செவ்வலரியும் பட்டிப்பூவும்தான்.

பட்டிப்பூ மடகஸ்காரில் இருந்து வந்தது என்றால் எங்கள் அம்மா நம்ப மாட்டா, அவ்வளவு ஊர்ச்செடியாகிவிட்டது. விதையை மேலாகத் தூவினால் முளைப்பது குறைவு, இருட்டு வேண்டும். மெல்லிசாக மண் மூடிவிடுங்கள்.

பருத்தித்துறையிலிருந்து:

அடீனியம் வளர்ப்பவர்கள் வளர்க்கட்டும். வறட்சிக்குத் தப்புகிற வித்தையை எங்கள் கிளுவை வேலியிலேயே பார்க்கலாம். கார்த்திகைப்பூ வெயிலைத் தாங்குவதே இல்லை, மண்ணுக்குள் போய்விடுகிறது. விதை முற்றினதும் கொடி காய்ந்துவிடும், கிழங்கு மட்டும் கோடை முழுக்க நித்திரை. மழை தொடங்கத் துளிர்த்து, இலை நுனியாலேயே வேலியைப் பிடித்து ஏறும்.

கிழங்கு கவடு போல இரண்டு கிளையாக இருக்கும். காய்ந்த பிறகு கிண்டி, கிளைகளைப் பிரித்து நட்டால் இரண்டு செடி. முளை ஒவ்வொரு கிளையின் நுனியிலும் ஒன்றுதான், அது உடைந்தால் அந்தத் துண்டை எறிய வேண்டியதுதான். அலவாங்கு வேண்டாம், கையால் கிண்டுங்கள். விதையிலும் வரும், ஆனால் பூப் பார்க்கச் சில மாரி காத்திருக்க வேண்டும். சோம்பேறிக்குக் கிழங்கே நல்லது.

கிழங்கில் கொல்சிசின் என்ற கடும் விஷம் இருக்கிறது. வற்றாளை, இராசவள்ளி வைக்கிற மூலையில் இதை ஒருபோதும் வைக்காதீர்கள். நான் மண் நிரப்பிய சாடியிலேயே விட்டு, பெயர் எழுதி, கிணற்றடியில் இருந்து தள்ளி வைத்திருக்கிறேன். இந்த மாரிக்கு முன் பிரிக்கப் போகிறேன். வேலணை அக்கா, கிழங்கு வேண்டுமென்றால் சொல்லுங்கள், பதிலுக்கு வெள்ளைப் பட்டிப்பூ விதை தந்தால் போதும்.